மீஸ் கட்டிய பெட்ரோல் பங்க்கை ஏன் இடிக்கவில்லை?

கேள்வியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கனடாவின் மான்ட்ரியல் நகரில், கட்டடக்கலைஞர் மீஸ் வான் டெர் ரோ வடிவமைத்த எஸ்ஸோ பெட்ரோல் பங்க் ஒன்றை இடிக்காமல் சமூகக் கூடமாக மாற்றியிருக்கிறார்கள். பெரிய ஆள் கட்டியது என்பதற்காக ஒரு பங்க்கைக் காப்பாற்றுவது சரியா? இப்படி மாற்றும் வேலை நடைமுறையில் எப்படி நடக்கிறது? இடித்துவிட்டுப் புதிதாகக் கட்டியிருந்தால் செலவு குறைந்திருக்காதா? மூன்றுக்கும் பதில் சொல்கிறேன். வரிசை கொஞ்சம் முன்பின்னாக இருக்கும்.

என் கருத்தை முதலிலேயே வைத்துவிடுகிறேன். ஒரு பங்க்கில் காப்பாற்ற வேண்டியது கூரையும் அதன் அடியில் இருக்கும் வெற்றிடமும்தான். மற்றதெல்லாம் அப்புறம். கார் உள்ளே நுழைந்து, நிழலில் நின்று, மறுபக்கமாக வெளியேறுவதற்காகச் செய்த கட்டடம் அது. புதிதாகப் பயன்படுத்த வருகிறவர்களோ முதல் வேலையாக அந்த வெற்றிடத்தைத்தான் சுவரோ கண்ணாடியோ போட்டு மூடுவார்கள். அவர்களைக் குறை சொல்லவும் முடியாது, கூடுதல் சதுர அடி அங்கேதான் கிடைக்கிறது. மான்ட்ரியல் பங்க்கில் அப்படி மூடவில்லை. அதனால்தான் அதை நல்ல உதாரணம் என்கிறேன். மீஸின் பெயர் இரண்டாவது காரணம்.

மீஸ் எதற்குப் பெட்ரோல் பங்க் வரையப் போனார் என்று பலர் கேட்பதுண்டு. நியூயார்க்கின் சீகிராம் கட்டடத்தை வரைந்தவர், பெர்லினில் புதிய தேசியக் கலைக்கூடத்தைக் கட்டியவர். இதற்குப் பதில் அந்தத் தீவின் கதையில் இருக்கிறது. பங்க் இருக்கும் இடம் செயின்ட் லாரன்ஸ் ஆற்றில் உள்ள நன்ஸ் ஐலண்ட், பிரெஞ்சில் ஈல் டே சேர். பெயர் சொல்வதுபோலவே அது நோத்ர் தாம் சபைக் கன்னியாஸ்திரிகளுக்குச் சொந்தமாக இருந்தது. 1956 வரை அவர்கள் கையில் இருந்தது, பெரும்பாலும் விவசாய நிலம். 1962இல் சாம்ப்ளேன் பாலம் திறந்ததும் தீவின் தலையெழுத்து மாறியது. நகரத்தின் மையத்திலிருந்து சில நிமிடத்தில் போய்விடலாம் என்றால் ரியல் எஸ்டேட்காரர்கள் சும்மா இருப்பார்களா? சிகாகோவைச் சேர்ந்த மெட்ரோபாலிட்டன் ஸ்ட்ரக்சர்ஸ் நிறுவனம் தீவை ஒரு முழுக் குடியிருப்பாக வளர்க்கும் வேலையை எடுத்தது. அவர்களுக்கும் மீஸுக்கும் சிகாகோவிலிருந்தே பழக்கம். தீவின் உயரமான அடுக்குமாடிகளில் சில மீஸ் அலுவலகத்தின் வரைபடங்களே. அந்த வீடுகளுக்கு வருகிறவர்களிடம் கார் இருக்கும், காருக்குப் பெட்ரோல் வேண்டும். பக்கத்தில் கண்ணைக் குத்துகிற ஒரு பங்க் வந்துவிடக் கூடாதே என்று அதையும் அவரிடமே கொடுத்தார்கள்.

1969இல் பங்க் திறந்தது. அதே ஆண்டு ஆகஸ்ட் மாதம் மீஸ் காலமானார், வயது 83. கடைசிக் காலத்தில் மூட்டுவலியால் மிகவும் முடங்கியிருந்தார். எனவே ஒவ்வொரு கோடும் அவர் கையால் வந்தது என்று நினைக்க வேண்டாம். அலுவலகத்தின் வேலை, அவர் முப்பது ஆண்டாகக் கற்பித்த முறை.

கட்டடம் எப்படி இருக்கும்? மிக எளிமையாக இருக்கும். இரண்டு கண்ணாடிப் பெட்டிகள்: ஒன்றில் விற்பனை அறை, இன்னொன்றில் கார் பழுதுபார்க்கும் இடம். இரண்டுக்கும் நடுவில் திறந்தவெளி, அங்கே பெட்ரோல் பம்புகளும் ஊழியர் நிற்க ஒரு சின்னக் கண்ணாடிக் கூண்டும். இந்த மூன்றையும் சேர்த்து மேலே ஒரே தட்டைக் கூரை, நீளமாக, தாழ்வாக. தூணும் உத்திரமும் எஃகுத் தகடுகளை வெல்டிங் செய்து செய்தவை, கறுப்பு வண்ணம். கூரையின் அடிப்பக்கம் வெள்ளை எனாமல் பூசிய எஃகு. அதில் வரிசையாக ட்யூப்லைட்டுகள், மேலே எந்த மூடியும் இல்லாமல். அந்த விளக்கு வரிசைகள் கண்ணாடிக்கு உள்ளேயும் வெளியேயும் நிற்காமல் ஓடுகின்றன. இரவில் தூரத்திலிருந்து பார்த்தால் கறுப்புச் சட்டம் இருட்டில் கரைந்துபோய் வெளிச்சமான ஒரு தளம் மட்டும் கிடைமட்டமாக நிற்கும். மீஸ் கலைக்கூடத்துக்குச் செய்ததையும் பங்க்குக்குச் செய்ததையும் ஒரே இலக்கணத்தில் செய்திருக்கிறார். பெட்ரோல் போட வருகிறவனுக்கு இதுபோதும் என்று தரத்தைக் குறைக்கவில்லை. இந்தக் கட்டடத்தின் மேல் எனக்கு மரியாதை வருவது இந்த இடத்தில்தான்.

அப்புறம் வழக்கமான சரிவு. உள்ளே கார் கழுவும் இயந்திரம் வந்தது. அழகாகச் செய்திருந்த பம்பு மேடைகளும் ஊழியர் கூண்டும் போயின. இதில் வில்லன் யாரும் இல்லை. பங்க் தொழிலின் கணக்கு மாறிக்கொண்டே இருக்கும், கட்டடம் அதற்கேற்பக் கடிபடும். 2008இல் வியாபாரம் நின்றது. 2009இல் மான்ட்ரியல் நகராட்சி இதைப் பாரம்பரியக் கட்டடமாக அறிவித்தது. அறிவிப்பதோடு நிற்காமல், என்னவாகப் பயன்படுத்துவது என்பதையும் அவர்களே முடிவு செய்ததுதான் இங்கே முக்கியம். தீவில் இளைஞர்களும் முதியவர்களும் கூடுவதற்கு ஓர் இடம் தேவையாக இருந்தது. எஃப்.ஏ.பி.ஜி. கட்டடக்கலை நிறுவனத்தின் எரிக் கோத்தியே வடிவமைப்பில் வேலை நடந்து 2011 வாக்கில் முடிந்தது. இப்போதைய பெயர் லா ஸ்டேஷன்.

இந்தப் பயன் ஏன் பொருந்தியது என்று கவனியுங்கள். இரண்டு தரப்பினர், இரண்டு அறை. ஏற்கெனவே இரண்டு பெட்டி இருக்கிறது. சமூகக் கூடத்துக்குப் பெரிய சமையலறையோ படுக்கையறையோ வேண்டாம், நிறையத் தடுப்புச் சுவர் வேண்டாம். ஒரு பெரிய அறையில் இன்று யோகா, நாளை சீட்டாட்டம், மறுநாள் கூட்டம். உள்ளே பின்னாளில் சேர்ந்தவற்றை மட்டுமின்றி, கழிப்பறை, பொருள் வைக்கும் இடம் என்று முதலில் இருந்த உள் அறைகளையும் எடுத்துவிட்டு, இரு பக்கமும் திறந்த கூடமாக்கினார்கள். ஒன்று கறுப்பு அறை, மற்றொன்று வெள்ளை அறை. நடுவில் பம்புகள் இருந்த இடம் அப்படியே திறந்தவெளியாக விடப்பட்டது. குளிர்நாட்டில், மைனஸ் இருபதைத் தொடும் ஊரில், கூடத்தின் ஒரு பாதியிலிருந்து மறுபாதிக்கு வெளியே நடந்து போக வேண்டும் என்பது சின்ன அசௌகரியம் இல்லை. கட்டடத்தை எடுத்தவர் தனியாராக இருந்தால் நடுவிலும் கண்ணாடி ஏறியிருக்கும். அந்த அசௌகரியத்தைச் சுமக்க நகராட்சி ஒத்துக்கொண்டதால்தான் கட்டடம் தப்பியது.

பம்புகள் விஷயத்தில் அவர்கள் செய்தது குறும்பானது. பழைய பம்புகள் எப்போதோ போய்விட்டன. அதே மாதிரி போலி பம்பு செய்து வைத்திருந்தால் காட்சிப்பொருளாகியிருக்கும். இவர்கள் அந்த இடத்தில் பம்பு அளவிலேயே எஃகுப் பெட்டிகளை நிறுத்தி, கூடத்துக்குத் தேவையான காற்று உள்ளே போகும் வெளியே வரும் வழியாக அவற்றைப் பயன்படுத்தினார்கள். நிலத்தடி வெப்பத்தைக் கொண்டு கூடத்தைச் சூடாக்கிக் குளிர்விக்கும் ஏற்பாட்டோடு அது சேர்ந்தது. இதனால் கூரைக்கு மேல் ஏசி யூனிட், குழாய் என்று எதுவும் முளைக்கவில்லை. தட்டைக் கூரைக் கட்டடங்களை மறுபயன்பாட்டில் அசிங்கப்படுத்துவது பெரும்பாலும் அந்த இயந்திரங்கள்தான். தெருவிலிருந்து பார்க்கும்போது கூரையின் மெல்லிய விளிம்புக்கு மேல் ஒரு தகரப் பெட்டி துருத்திக்கொண்டு நின்றால் அதற்குப் பிறகு எந்தச் சீரமைப்பும் எடுபடாது.

இனி வெளியே தெரியாத வேலைக்கு வருகிறேன். பங்க்கை வேறு எதுவாக மாற்றினாலும் முதலில் கேட்க வேண்டியது கட்டடத்தைப் பற்றி இல்லை, மண்ணைப் பற்றி. 1960களில் புதைத்த டேங்குகள் பெரும்பாலும் ஒற்றைச் சுவர் இரும்பு டேங்குகள். துருப்பிடித்து, இணைப்புகளில் கசிந்து, பெட்ரோல் மண்ணுக்குள் இறங்கியிருக்கும். பெட்ரோலில் உள்ள பென்சீன் புற்றுநோயை உண்டாக்கக்கூடியது. அது நீரில் கரைந்து நகரும், ஆவியாகித் தரை விரிசல் வழியே மேலே இருக்கும் அறைக்குள்ளும் வரும். பழுதுபார்க்கும் பகுதி இருந்தால் கழிவு எண்ணெய், காரை உயர்த்தும் ஹைட்ராலிக் லிஃப்டின் எண்ணெய், உலோகம் கழுவிய கரைப்பான்கள் என்று பட்டியல் நீளும். ஈயம் கலந்த பெட்ரோல் விற்ற காலம் வேறு. குழந்தைகளும் முதியவர்களும் உட்காரப்போகும் இடத்தில் இதையெல்லாம் சோதிக்காமல் விட முடியாது.

வழக்கமான முறை இதுதான்: பல இடங்களில் துளையிட்டு மண்ணும் நிலத்தடி நீரும் எடுத்துச் சோதிப்பது, டேங்கையும் குழாய்களையும் தோண்டி எடுப்பது, கெட்ட மண்ணை அள்ளி அகற்றுவது அல்லது இருந்த இடத்திலேயே காற்று உறிஞ்சிச் சுத்தம் செய்வது, புதிய தரைக்கு அடியில் ஆவி ஏறாத தடுப்புப் படலம் விரிப்பது. பாரம்பரியக் கட்டடத்தில் இதில் ஒரு சிக்கல் உண்டு. கெட்ட மண் தூணின் அஸ்திவாரத்துக்கு அடியில் இருந்தால் இஷ்டத்துக்குத் தோண்ட முடியாது, தூணைத் தாங்குகோல் கொடுத்து நிறுத்திப் பகுதி பகுதியாகச் செய்ய வேண்டும். வெறும் மனையில் ஒரு வாரத்தில் முடிகிற வேலை இங்கே இழுக்கும்.

கட்டடத்திலேயே இருக்கும் விஷங்களும் உண்டு. அந்தக் காலத்து எஃகு வண்ணங்களில் ஈயம், குழாய் உறைகளில் ஆஸ்பெஸ்டாஸ், பழைய ட்யூப்லைட் சோக்குகளில் பி.சி.பி. என்னும் எண்ணெய். ட்யூப்லைட்டே அலங்காரமாக இருக்கும் கட்டடத்தில் இது சுவாரசியமான தலைவலி.

அடுத்து எஃகும் கண்ணாடியும். மீஸின் கட்டடங்களில் உத்திரம் உள்ளிருந்து வெளியே தடையில்லாமல் போகிறது. கண்ணுக்கு அதுதான் அழகு. வெப்பக் கணக்கில் அது ஒரு ஓட்டை. வெளியே உறைந்து கிடக்கும் அதே இரும்பு உள்ளேயும் நீள்கிறது, சூடான அறையின் ஈரப்பதம் அதில் பட்டு நீராக வழிகிறது, ஓரங்களில் துரு. ஒற்றைக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, நடுவில் இடைவெளி விட்ட இரட்டைக் கண்ணாடி போடலாமே என்றால், அதன் தடிமனையும் எடையையும் பழைய மெல்லிய சட்டம் தாங்காது. சட்டத்தைத் தடிமனாக்கினால் கட்டடத்தின் முகமே மாறிவிடும்.

இதற்கு ஒரே விடை இல்லை. பெர்லினில் மீஸின் கலைக்கூடத்தை டேவிட் சிப்பர்ஃபீல்டின் அலுவலகம் சீரமைத்து 2021இல் திறந்தார்கள். அங்கே மேல் கூடத்தின் பெரிய கண்ணாடிகளுக்கு இரட்டைக் கண்ணாடி போடவில்லை. நடுவில் இடைவெளி இல்லாமல் ஒன்றோடொன்று ஒட்டிய கண்ணாடியையே வைத்துக்கொண்டு, கடுங்குளிரில் கொஞ்சம் நீர் படியும் என்பதை ஏற்றுக்கொண்டார்கள். எஃகு விரிந்து சுருங்கி முன்பு கண்ணாடிகள் உடைந்துகொண்டே இருந்ததால் சட்டத்தில் அசைவுக்கு இடம் விட்டார்கள். நாள் முழுக்க மனிதர்கள் உட்கார்ந்திருக்கும் ஒரு சின்னக் கூடத்தில் அந்தச் சமரசம் அவ்வளவு எளிதில்லை. கலைக்கூடத்தில் ஒரு மணி நேரம் நடந்துவிட்டுப் போய்விடுவார்கள், இங்கே பாட்டி மூன்று மணி நேரம் சன்னலோரம் உட்கார்ந்திருப்பார்.

எல்லா மறுபயன்பாடும் இவ்வளவு நாகரிகமாக நடப்பதில்லை. இங்கிலாந்தில் ஏ1 நெடுஞ்சாலையில் மார்க்கம் மூர் என்ற இடத்தில் ஒரு பங்க் கூரை இருக்கிறது. சாம் ஸ்கோரர் என்ற கட்டடக்கலைஞர் 1960-61இல் கட்டியது. குதிரைச் சேணம் போல வளைந்த மெல்லிய கான்கிரீட் கூரை, எதிரெதிர் மூலைகள் இரண்டு தரையைத் தொடுகின்றன, மற்ற இரண்டு வானத்தைப் பார்த்து எழும்புகின்றன. பார்க்கப் பயங்கரமான வளைவு. ஆனால் அந்த வளைபரப்பு முழுவதும் நேர்கோடுகளாலேயே ஆனது, எனவே நேரான பலகைகளை அடுக்கியே கான்கிரீட் ஊற்றும் அச்சைச் செய்துவிடலாம். வடிவமே வலுவைக் கொடுப்பதால் கான்கிரீட்டும் மெல்லியதாக இருந்தால் போதும். அந்தக் காலத்துப் பொறியாளர்கள் இந்த வடிவத்தின் மேல் மயங்கிக் கிடந்ததற்கு இதுதான் காரணம்.

பெட்ரோல் விற்பனை நின்ற பிறகு அங்கே லிட்டில் செஃப் என்ற வழியோர உணவகம் வந்தது. அந்த அற்புதக் கூரைக்கு அடியில் ஒரு செங்கல் பெட்டியைக் கொண்டுவந்து செருகினார்கள். எந்தக் கட்டடக்கலை மாணவனைக் கேட்டாலும் தலையில் அடித்துக்கொள்வான். கூரை மிதக்கிற உணர்வு பாதி போய்விட்டது. நானும் அதை அழகு என்று சொல்ல மாட்டேன். ஆனால் யோசித்துப் பாருங்கள்: வெறும் கூரையாக நின்றிருந்தால் வாடகை தராத கான்கிரீட்டை யார் வைத்திருப்பார்கள்? 2000களின் தொடக்கத்தில் சாலைச் சந்திப்பை மாற்றும் திட்டத்தில் இடிபட இருந்தது. எதிர்ப்பு வந்து திட்டம் மாறியது. 2012இல் அரசு அதை இரண்டாம் நிலைப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. உணவகம் மூடியபின் இப்போது ஸ்டார்பக்ஸ். அழகில்லாத அந்தப் பெட்டிதான் பட்டியலில் இடம் கிடைக்கும் வரை கூரையைக் காத்து நின்றது. பெட்டியை நாளை எடுத்துவிடலாம், கூரையைத் திரும்பக் கட்ட முடியாது. புதிதாகச் சேர்ப்பது பழையதைத் துளைக்காமல், ஒட்டாமல், பிற்காலத்தில் கழற்றக்கூடியதாக இருக்கிறதா என்பதை மட்டும் கறாராகப் பார்த்தால் போதும், அழகைப் பற்றிக் கொஞ்சம் விட்டுக்கொடுக்கலாம் என்பது என் நிலை. கட்டடப் பாதுகாப்பு நண்பர்கள் சிலர் இதற்காக என்னோடு சண்டைக்கு வருவார்கள்.

தொழிலே மாறாமல் தப்பியதும் உண்டு. டென்மார்க்கில் கோபன்ஹேகனுக்கு வடக்கே ஸ்கௌஷோவிட் என்ற கடலோர ஊரில் கட்டடக்கலைஞர் ஆர்ன யாகப்சன் டெக்சாகோ எண்ணெய் நிறுவனத்துக்காக 1930களில் கட்டிய பங்க். ஒற்றைத் தூணில் கான்கிரீட் கூரை, காளான் என்றே ஊர்க்காரர்கள் சொல்வார்கள். வரிசையாகப் பல இடங்களில் கட்டலாம் என்று மாதிரியாகச் செய்தது, இது ஒன்றோடு நின்றுவிட்டது. சீரமைத்தபின் அங்கே எரிபொருளும் விற்றார்கள், பக்கத்துச் சின்னக் கட்டடத்தில் ஐஸ்கிரீமும் விற்றார்கள். முடிந்தவரை பழைய வேலையையே தொடர்வது மாதிரி எளிய பாதுகாப்பு வேறில்லை. மின்சார கார் பரவும்போது சார்ஜ் போடக் காத்திருக்கும் இடமாக இத்தகைய கூரைகள் மறுபடி உதவலாம், கார் நிற்க நிழல் அப்போதும் வேண்டும்தானே.

பட்டியலில் சேர்ந்தும் பயனில்லாமல் நிற்பவைக்கும் ஓர் உதாரணம் சொல்லிவிடுகிறேன். இங்கிலாந்தின் எம்6 நெடுஞ்சாலையில், லங்காஸ்டர் அருகே 1965இல் திறந்த பென்னைன் கோபுரம். உச்சியில் அறுகோண உணவகம், சாப்பிட்டுக்கொண்டே சாலையையும் கடலையும் பார்க்கலாம். 1989இல் தீப்பாதுகாப்புச் சிக்கலால் பொதுமக்களுக்கு மூடினார்கள். மேலே இருக்கும் கூட்டம் அவசரத்தில் இறங்கி வரப் போதுமான வழி அந்த ஒல்லியான தண்டுக்குள் இல்லை. 2012இல் பட்டியலில் ஏறியது, இடிக்க முடியாது. வெளியே இன்னொரு படிக்கட்டு ஒட்டினால் வடிவம் கெடும், ஒட்டாவிட்டால் ஆளை ஏற்ற முடியாது. தரையோடு இருக்கும் பங்க் இந்த விஷயத்தில் அதிர்ஷ்டசாலி, கதவைத் திறந்தால் வெளியே.

கடைசியாகச் செலவு. நேர்மையாகச் சொன்னால், சமூகக் கூடம் மட்டும்தான் குறிக்கோள் என்றால் அதே அளவில் புதிதாகக் கட்டுவது பெரும்பாலும் மலிவாகவே முடியும். பழைய எஃகைச் சுரண்டி வண்ணம் பூசுவதும், கண்ணாடிச் சட்டங்களைத் தனியாகச் செய்யச் சொல்வதும் விலை கூடிய வேலைகள். ஆனால் கணக்குப் போடும்போது மண் சுத்திகரிப்பைப் பாதுகாப்பின் தலையில் கட்டிவிடாதீர்கள். இடித்தாலும் டேங்கை எடுக்கத்தான் வேண்டும், மனையை விற்பதானாலும் மண்ணைச் சோதிக்கத்தான் வேண்டும். பல இடங்களில் "பழைய கட்டடத்தைக் காப்பாற்ற இவ்வளவு கோடி" என்று வரும் தொகையில் பெரும்பங்கு அந்த மண்ணுக்கானது. அதைத் தனியே பிரித்துக் காட்டச் சொல்லுங்கள், மிச்சமிருக்கும் தொகையை வைத்து வாதாடலாம்.

நீங்கள் உண்மையிலேயே இப்படி ஒரு கட்டடத்தைக் கையில் எடுக்கப் போகிறீர்கள் என்றால், கட்டடக்கலைஞரைத் தேடும் முன் மண் அறிக்கையையும் பழைய வரைபடங்களையும் தேடுங்கள். பங்க்குகளை எண்ணெய் நிறுவனங்கள் கட்டியதால் வரைபடம் அவர்களின் ஆவணக் கிடங்கில் இருக்க வாய்ப்பு உண்டு, டேங்க் எங்கே புதைந்திருக்கிறது என்பதும் அதிலேயே தெரியும். அதற்குப் பிறகு ஒரு நல்ல மழை நாளில் நேரில் போய் நின்று, கூரைத் தண்ணீர் எந்தத் தூண் வழியே இறங்குகிறது, எங்கே தேங்குகிறது என்று பாருங்கள். முதல் ஆண்டுப் பராமரிப்புப் பணத்தை அங்கே போடுங்கள்.